பீன்ஸ் சோறும் பழமும்: ஜமைக்காவா, கியூபாவா, டிரினிடாடா?

‘கரீபியன் ரைஸ்’ என்று உணவகங்களில் வரும் தட்டில் அன்னாசியும் மாம்பழமும் சோற்றோடு சோறாகக் கலந்து கிடக்கும். பார்க்க அழகுதான். ஆனால் அந்தத் தீவுகளின் வீட்டுச் சமையலில் பழத்துக்கு இடம் பானைக்கு வெளியே. சோறும் பீன்ஸும் ஒன்றாக வேகும், பழம் தனியாக வறுபட்டோ பச்சையாகவோ பக்கத்தில் வந்து உட்காரும்.

இது வெறும் சம்பிரதாயம் இல்லை. புளியை முன்னாலேயே கரைத்துவிட்டால் பருப்பு வேகாது என்பது நமக்குத் தெரியும். அன்னாசியும் மாங்காயும் அதே வேலையைத்தான் செய்யும். புளிப்பு சேர்ந்தால் பீன்ஸின் செல்களை ஒட்டவைக்கும் பெக்டின் சீக்கிரம் கரையாது. ஒரு மணி நேரம் கூடுதலாகக் கொதித்தாலும் நடுவில் கல் மாதிரி ஒரு கடினம் மிஞ்சும். பச்சை அன்னாசியில் புரதத்தை அரிக்கும் புரோமலைன் வேறு இருக்கிறது. கோழியை அதில் ஊறவைத்தால் வெளிப்புறம் கூழாகிவிடும். சூடேறினால் புரோமலைன் செயலிழக்கும், டின் அன்னாசியில் அது இருக்காது, ஆனால் புளிப்பு இரண்டிலும் இருக்கும்.

ஆகவே இந்த மூன்று தீவுச் சமையல்களையும் ஒப்பிட ஒரே கேள்வி போதும்: எந்தச் சோற்றுக்கு எந்தப் பழம்?

அளவெல்லாம் 4 முதல் 5 பேருக்கு: 2 கப் அரிசி, 1 கப் காய்ந்த பீன்ஸ். அரிசிக்கு செல்லா பாஸ்மதிதான், அதாவது புழுங்கல் பாஸ்மதிதான், பொருத்தம். தீவுகளில் பரவலாகப் புழங்கும் நீள அரிசிக்கு, குறிப்பாக அங்கே கிடைக்கும் புழுங்கல் ரகத்துக்கு, இதுதான் மிக நெருக்கம். அரை மணி நேரம் ஊறவைத்து வடித்துவிட்டுப் பயன்படுத்தவும். பொன்னி பச்சரிசி தேங்காய்ப்பாலில் குழைந்து பொங்கலாகிவிடும்.

ஜமைக்கா: தேங்காய்ப்பால், தைம், முழு மிளகாய்

ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாடு என்றால் அங்கே ‘ரைஸ் அண்ட் பீஸ்’. பெயரைப் பார்த்துப் பட்டாணி போட்டுவிட வேண்டாம், போடுவது சிவப்பு ராஜ்மா. கிறிஸ்துமஸ் சமயத்தில் மட்டும் பச்சைத் துவரை அந்த இடத்தைப் பிடிக்கும்.

ராஜ்மாவை 8 மணி நேரம் ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டுப் புதுத் தண்ணீரில் வேகவைக்கவும். குக்கரில் 4 அல்லது 5 விசில். விரலால் அழுத்தினால் நசுங்க வேண்டும், தானாக உடைந்திருக்கக் கூடாது. திறந்த பாத்திரமானால் முதல் 10 நிமிடமாவது தளதளவென்று கொதித்தே ஆக வேண்டும். வேகாத ராஜ்மாவில் உள்ள லெக்டின் வாந்தி பேதியில் கொண்டுவிடும். மெதுவாகச் சூடேறும் ஸ்லோ குக்கர் இதற்கு ஆபத்து, கொதிநிலைக்குக் கீழே அந்த நச்சு முழுதாக அழிவதில்லை.

வெந்த நீரில் 2 கப்பை எடுத்துவைத்து, அதனுடன் கெட்டித் தேங்காய்ப்பால் ஒன்றரை கப் சேர்க்கவும். நசுக்கிய வெங்காயத்தாள் 2, பூண்டு 3 பல், தைம் 3 கொத்து, ஆல்ஸ்பைஸ் (மிளகு போல உருண்டையான ஒரு மசாலா) 6 முதல் 8 உருண்டை, உப்பு ஒன்றரை டீஸ்பூன். இதெல்லாம் 10 நிமிடம் சேர்ந்து கொதித்த பிறகுதான் அரிசியும் பீன்ஸும் உள்ளே போகும். மேலே ஒரு ஸ்காட்ச் பானட் மிளகாயைக் காம்போடு, கீறாமல், முழுசாக வைக்கவும். அது வாசனைக்கு மட்டும். கிளறும்போது உடைந்தால் பானை முழுக்கக் காரம் பாய்ந்துவிடும், அப்புறம் திருத்த வழியில்லை. நம்மூர்ப் பச்சை மிளகாயில் காரம் வரும், அந்தப் பழ வாசனை வராது. ஹபனேரோ கிடைத்தால் அதுவே சரி.

மூடி போட்டுச் சிறு தீயில் 20 நிமிடம், அணைத்தபின் திறக்காமல் 10 நிமிடம். வழக்கமாக நடக்கும் தவறு, பாலின் கெட்டியைக் கணக்கில் எடுக்காமல் திரவ அளவை வைப்பது. கெட்டிப்பாலில் கணிசமான பங்கு கொழுப்பு, அரிசி குடிப்பது தண்ணீரை மட்டும்தான். நடுவில் ஒரு பருக்கையைக் கடித்துப் பார்த்து, தேவையானால் கால் கப் வெந்நீரைத் தெளிக்கவும்.

இந்தச் சோற்றுக்கு உகந்த பழம் வறுத்த வாழை. இங்கே அதற்கு நேந்திரம்தான், அதுவும் அதே வகைச் சமையல் வாழைதான். தோலில் பாதிக்கு மேல் கருத்திருக்க வேண்டும். முழு மஞ்சளாக இருந்தால் மாவாகவே இருக்கும், இனிப்பு வராது. ஒரு செ.மீ. கனத்தில் சாய்வாக நறுக்கி, மிதமான எண்ணெயில் ஒரு பக்கம் 2 நிமிடம். பழுத்ததில் சர்க்கரை அதிகம் என்பதால் தீ கூடினால் உள்ளே சூடாவதற்குள் வெளியே கரிந்துவிடும். தேங்காய்ப்பாலின் கொழுப்புக்கும் ஆல்ஸ்பைஸ் மணத்துக்கும் இந்த இனிப்பு ஈடுகொடுக்கும். அதே தட்டில் அவகாடோ வைப்பவர்கள் உண்டு, ஆனால் கொழுப்பின் மேல் கொழுப்பு என்பதால் எலுமிச்சை பிழியாமல் அது எடுபடாது.

மாம்பழம் வேண்டுமானால் தனிக் கிண்ணத்தில். ஜமைக்காவுக்கு மாமரம் வந்ததே 1782இல். பிரிட்டிஷ் கடற்படை பிடித்த ஒரு பிரெஞ்சுக் கப்பலில் எண் போட்ட கன்றுகள் இருந்தன. ‘நம்பர் லெவன்’ என்ற ரகம் இன்றும் அங்கே விற்கிறது.

கியூபா: கறுப்பு பீன்ஸ், சோஃப்ரிட்டோ

‘மோரோஸ் இ கிறிஸ்தியானோஸ்’ சோற்றில் தேங்காய் கிடையாது. சுவையை ஏற்றுவது பீன்ஸ் வெந்த கறுப்பு நீரும், வெங்காயம், குடைமிளகாய், பூண்டு சேர்த்து அடியில் வதக்கும் சோஃப்ரிட்டோவும். நிறம் போய்விடக் கூடாது என்று ஊறவைத்த நீரிலேயே வேகவைப்பவர்கள் பலர். கொதிக்கக் கொதிக்க வெந்தால் அதில் தவறில்லை. இங்கே ‘கறுப்பு ராஜ்மா’ என்று விற்பது பொருந்தும். கறுப்பு சோயா வேறு சாதி, கறுப்புக் காராமணியும் வேறு, இரண்டும் இங்கே வேலைக்கு ஆகாது.

பீன்ஸை ஒரு பிரிஞ்சி இலை, அரைக் குடைமிளகாயுடன் வேகவைத்துக்கொள்ளவும். கனமான பாத்திரத்தில் கால் கப் எண்ணெய், பெரிய வெங்காயம் 1, பச்சைக் குடைமிளகாய் 1, பூண்டு 4 பல் சேர்த்து, வெங்காயம் கண்ணாடி போலாகும்வரை 8 நிமிடம் வதக்கவும். சீரகப்பொடி ஒரு டீஸ்பூன், ஆரிகானோ ஒரு டீஸ்பூன். அரிசியைப் போட்டு, ஒவ்வொரு பருக்கையிலும் எண்ணெய் படும்படி 2 நிமிடம் புரட்டவும். பிறகு பீன்ஸும் அதன் நீர் மூன்றரை கப்பும். புளிப்பு, அதாவது ஒரு மேசைக்கரண்டி வினிகர், கடைசியில் மட்டும். முன்னால் சொன்ன அதே காரணம்தான்.

சோறு சாம்பல் நிறமாக வந்தால் நீர் நீர்த்துவிட்டது என்று அர்த்தம். பீன்ஸ் வெந்ததும் நீரைத் திறந்துவைத்துச் சுண்டவிடாததால் வரும் குறை அது. சீரகம் அதிகமானால் நம் சீரக சாதத்தின் சாயல் தலைதூக்கும், ஒரு டீஸ்பூனைத் தாண்ட வேண்டாம். நாட்டின் கிழக்குப் பகுதியில் சிவப்பு பீன்ஸில் செய்யும் கொங்க்ரியும் ஏறத்தாழ இதே முறைதான்.

பழத்தில் இதற்கும் முதலிடம் பழுத்த வாழைக்கே. ஆனால் இந்தச் சோறு காய்ந்த, மண் மணமுள்ள வகை என்பதால் பழுத்த மாம்பழத் துண்டையும் தாங்கும். துண்டுகளில் எலுமிச்சையும் ஒரு சிட்டிகை உப்பும் போதும்.

டிரினிடாட்: கரித்த சர்க்கரையும் மாங்காய்ச் சௌவும்

பழத்தை முன்னிறுத்திச் சமைக்க நினைப்பவர்களுக்கு பிலாவ்தான் முதல் தேர்வு. இதில் கோழி உண்டு, பீன்ஸுக்குப் பதில் துவரை. துவரையைப் பார்த்ததும் இந்தியத் தொழிலாளர்கள் கொண்டுபோனது என்று தோன்றும். அவர்களின் முதல் கப்பல் அங்கே சேர்ந்தது 1845இல், துவரை அதற்கு முன்பே ஆப்பிரிக்கா வழியாகத் தீவுகளுக்குப் போய்விட்டது. பச்சைத் துவரை கிடைக்கும் தை, மாசி மாதங்களில் ஒன்றரை கப் உரித்து அரைவேக்காடாக வைத்துக்கொள்ளலாம். காய்ந்த முழுத் துவரையானால் முக்கால் கப்பை இரவே ஊறவைத்து வேகவைத்துக்கொள்ளவும். துவரம்பருப்பு கரைந்துபோகும், அது வேண்டாம்.

எல்லாம் சர்க்கரை கரிக்கும் நிமிடத்தில்தான் இருக்கிறது. அடி கனத்த பாத்திரத்தில் 2 மேசைக்கரண்டி எண்ணெய், 3 மேசைக்கரண்டி நாட்டுச் சர்க்கரை. முதலில் உருகும், பிறகு பொன்னிறம், பிறகு செம்பழுப்பு. நுரை எழும்பி விளிம்பில் லேசாகப் புகை தெரியும் நொடியில், தைம், பூண்டு, கொத்தமல்லி அரைத்துப் பிசறி ஊறவைத்த அரை கிலோ கோழியை ஒரே போடாகப் போட வேண்டும். சற்று முந்தினால் சோறு வெளிறி, வெறும் இனிப்பாக நிற்கும். பிந்தினால் கசப்பு, சர்க்கரையைக் கொட்டிவிட்டு மறுபடி தொடங்குவதே மேல். கோழியில் ஈரம் நிறைய இருந்தால் எண்ணெய் தெறிக்கும், நன்றாக வடித்துவிடவும்.

கோழி நிறம் ஏறியதும் அரிசி, துவரை, ஒரு கப் பரங்கிக்காய்த் துண்டு, ஒரு கப் தேங்காய்ப்பால், மூன்று கப் தண்ணீர், உப்பு, முழு மிளகாய். சிறு தீயில் 25 நிமிடம். பிலாவ் உதிரியாக இருக்க வேண்டுமா, ஈரமாகவா என்பதில் அந்த ஊரிலேயே சண்டை. எங்கள் ஓட்டு ஈரத்துக்கு. சைவமாகச் செய்ய சோயா துண்டு போடலாம். கோழிச் சாறு கொடுக்கும் கனம் வராது, மற்றபடி குறையில்லை.

துணைக்குச் சௌ, அதாவது காரமும் உப்பும் சேர்த்து ஊறவைத்த பழத் துண்டுகள். பாதி பழுத்த மாங்காய் 2 நறுக்கியது, பூண்டு 2 பல் நசுக்கியது, ஹபனேரோ கால் பங்கு, உப்பு முக்கால் டீஸ்பூன், ஷாடோன் பெனி இலை 4. ஓரத்தில் பல்பல்லாக முள் வைத்த அந்த நீண்ட இலை இல்லையென்றால் இரு மடங்கு கொத்தமல்லி. 20 நிமிடம் ஊறினால் தானே சாறு விடும். மாங்காய் இல்லாத மாதங்களில் அன்னாசியிலும் இதே முறை. கரித்த சர்க்கரையின் இனிப்பையும் கோழிக் கொழுப்பையும் இந்தப் புளிப்பு வெட்டுவதுபோல வறுத்த வாழையால் வெட்ட முடியாது.

புவேர்ட்டோ ரிக்கோவின் துவரைச் சோறு இந்தப் போட்டியில் சேராது. குட்டை அரிசியும் நிறம் கொடுக்கும் அன்னாட்டோ விதை எண்ணெயும் அடியில் பிடிக்கும் காந்தலும்தான் அதன் பெருமை, பழத்துக்கு அங்கே வேலை குறைவு.

மூன்றில் முதல்முறை செய்பவர்களுக்கு கியூபா எளிது. மிளகாய் உடையும் பயமோ சர்க்கரை கரியும் பயமோ அதில் இல்லை. விருந்தில் சைவர்கள் இருந்தால் ஜமைக்கா, வெண்ணெய் போடாமல் செய்தால் பால்பொருள்கூட இல்லை. பழம்தான் நோக்கம் என்றால் டிரினிடாட்.

உணவகத்துத் தட்டுபோல அன்னாசி கலந்தே வேண்டும் என்றால், துண்டுகளைக் காய்ந்த தோசைக்கல்லில் எண்ணெயில்லாமல் இரு பக்கமும் கருக்கி, சோறு தம் ஆன பிறகு மேலே தூவவும். ஈரம் வற்றிய அன்னாசி சோற்றைச் சொதசொதப்பாக்காது. மீந்ததை எடுத்துவைக்கும்போது அந்தத் துண்டுகளைப் பொறுக்கித் தனி டப்பாவில் போடவும். தேங்காய்ப்பால் சோறு இங்கத்திய வெயிலில் சீக்கிரம் கெடும், ஒரு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜுக்குப் போய்விட வேண்டும்.