வேர்டின் டொக்கியூமன்ட் இன்ஸ்பெக்டர்: ஆறு வருடம் பாவித்த பிறகு

ஹட்டனில் ஒரு சிறிய அலுவலகத்தில் கடிதம் தட்டச்சு செய்வது என் வேலை. மஸ்கெலியா, பொகவந்தலாவை, டிக்கோயா பக்கத் தேயிலைத் தோட்டங்களில் இருந்து ஆட்கள் வருவார்கள். ஈ.பி.எப். கணக்கில் குறை, லயன் கூரை ஒழுகுகிறது, கொழுந்து நிறுக்கும்போது கிலோவைக் கழிக்கிறார்கள். பெரும்பாலும் இவைதான் விஷயம். "என் பேர் வெளிய தெரியக்கூடாது" என்பதும் கூடவே வரும்.

ஆறு வருடத்துக்கு முன் அப்படி ஒரு பெயர் என் கையாலேயே வெளியே போனது. தராசில் கழிப்பதைப் பற்றிய கடிதம் அது. நான் எழுதியதை அலுவலகத்து அண்ணன் திருத்தினார். ஓரிடத்தில் "இதைச் சொன்னது யார்?" என்று பக்க ஓரத்தில் குறிப்பு, அதாவது கொமன்ட், போட்டிருந்தார். அதற்குப் பதிலாக ஓர் அக்காவின் பெயரையும் அவர் கொழுந்தெடுக்கும் மலையின் நம்பரையும் எழுதினேன். பிறகு 'நோ மார்க்கப்' என்று மாற்றினேன். திரையில் கடிதம் சுத்தமாகத் தெரிந்தது, அனுப்பிவிட்டேன். நோ மார்க்கப் மறைக்க மட்டுமே செய்யும், எதையும் அழிக்காது என்பது அன்று எனக்குத் தெரியாது.

அடுத்த வாரம் அக்கா வந்தார். "பேர் போடலன்னுதானே தங்கச்சி சொன்ன?" என்று கேட்டார். அவரைத் தூரத்து மலைக்கு மாற்றியிருந்தார்கள். என்னிடம் பதில் இல்லை. அன்று இரவு தேடித்தான் டொக்கியூமன்ட் இன்ஸ்பெக்டர் என்ற இந்தக் கருவியைக் கண்டுபிடித்தேன்.

2007 பதிப்பில் இருந்தே இது ஒஃபிஸுக்குள் இருக்கிறது. பைல், இன்ஃபோ, செக் ஃபோர் இஷ்யூஸ், இன்ஸ்பெக்ட் டொக்கியூமன்ட் என்று போக வேண்டும். கொமன்ட், திருத்தத் தடங்கள், எழுதியவர் பெயர், கடைசியாகச் சேமித்தவர் பெயர், மறைத்த எழுத்து எல்லாவற்றையும் தேடிக் காட்டும். பக்கத்தில் 'ரிமூவ் ஓல்' பொத்தான் இருக்கும். ஒரு நிமிட வேலை. 2003இல் பிரிட்டிஷ் அரசாங்கம் ஈராக் பற்றி வெளியிட்ட வேர்ட் பைலுக்குள்ளேயே அதைக் கடைசியாகத் திருத்தியவர்களின் பெயர்கள் கிடந்தன. அப்போது இந்தக் கருவி இல்லை.

ஆனால் ரிமூவ் ஓல் பொத்தானைக் கண்ணை மூடிக்கொண்டு அழுத்தாதீர்கள். தலைப்புப் பகுதியையும் சேர்த்து நீக்கச் சொன்னால் எங்கள் அலுவலக முகவரி, இலச்சினை எல்லாம் போய்விடும். இன்னொன்று அதைவிட மோசம்: திருத்தங்களை நீக்குவது என்றால் எல்லாத் திருத்தங்களையும் அது ஏற்றுக்கொள்கிறது. வேண்டாம் என்று விட்டுவைத்த ஒரு வரி அப்படித்தான் கடிதத்துக்குள் ஏறிவிட்டது, அனுப்புவதற்கு முன் தற்செயலாகக் கண்டேன். நீக்கியதைச் சில வேளை திருப்பி எடுக்கவும் முடியாது. அதனால் முதலில் பிரதி எடுத்து, திருத்தங்களை ஒவ்வொன்றாகப் பார்த்து முடித்து, அந்தப் பிரதியில்தான் ஓட்டுகிறேன்.

எக்செலில் இன்னும் கவனம் வேண்டும். பெயர்ப்பட்டியலில் அடையாள அட்டை இலக்கம் உள்ள நிரலை மறைத்து அனுப்பும் பழக்கம் எங்கள் பக்கம் நிறைய உண்டு. வாங்குபவர் 'அன்ஹைட்' என்று அழுத்தினால் எல்லாம் தெரியும். இன்ஸ்பெக்டர் மறைந்த நிரலைப் பிடித்து நீக்கும், சரி. அந்த நிரலை நம்பிய சூத்திரங்கள் உடைந்துபோகும். தேவையான நிரல்களை மட்டும் வெறும் மதிப்பாகப் புது பைலில் ஒட்டி அனுப்புவதே எனக்குச் சரிவருகிறது.

இன்ஸ்பெக்டரிடம் சிக்காதவையும் இருக்கின்றன. வெள்ளைத் தாளில் வெள்ளை எழுத்து அதன் கண்ணில் படாது. பெயரின் மேல் கறுப்புப் பட்டை போட்டால் கீழே எழுத்து அப்படியே இருக்கும், பீ.டீ.எஃப். ஆக்கினாலும் நகல் எடுத்து ஒட்டிப் படிக்கலாம். பெயரை உண்மையாகவே அழித்துவிட்டு "ஒரு தொழிலாளி" என்று எழுத வேண்டும். சம்பளச் சீட்டுப் படத்தை வெட்டி ஒட்டும்போதும் இதே கதை. வெட்டிய பகுதி பைலுக்குள் இருக்கிறது, 'ரீசெட்' செய்தால் முழுச் சீட்டும் திரும்பி வரும். 'கொம்பிரஸ் பிக்சர்ஸ்' போய் வெட்டிய பகுதிகளை அழிக்கும் தெரிவைக் குறியிட வேண்டும். இதை நான் கண்டுபிடிக்க இரண்டு வருடம் ஆனது. அந்த இரண்டு வருடத்தில் அனுப்பியவற்றை நினைத்தால் இன்றும் மனம் கனக்கிறது.

சந்தேகம் இருந்தால் பிரதியின் .டொக்ஸ் என்ற முடிவை .ஸிப் என்று மாற்றித் திறந்து பாருங்கள். டொக்புரொப்ஸ் என்ற ஃபோல்டரில் பெயர்கள் இருக்கும், வேர்ட் ஃபோல்டருக்குள் மீடியாவில் படங்கள் முழுசாகக் கிடக்கும். நான் முக்கியமான கடிதங்களை இப்படித் திறந்து பார்க்காமல் அனுப்புவதில்லை.

ஒரு சின்னத் தொல்லை: சொந்த விவரங்களை ஒருமுறை நீக்கினால் அதற்குப் பிறகு அந்த பைலில் எல்லாருடைய திருத்தமும் 'ஓத்தர்' என்றே வரும். யார் திருத்தியது என்று தெரியாது. இன்ஃபோ பக்கத்தில் விவரம் சேமிக்க அனுமதி கொடுத்து மாற்றலாம். கைப்பேசி வேர்டில் இன்ஸ்பெக்டரே இல்லை. தோட்டத்துத் தம்பிமார் வாட்ஸ்அப்பில் நேராக அனுப்பிவிடுவதால் இது பெரிய குறை. அவர்களிடம், "எனக்கு அனுப்புங்க தம்பி, நான் பார்த்து அனுப்புறேன்" என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

பைலின் பெயரையும் இது தொடாது. போன மாதம் எல்லாம் சுத்தம் செய்த பிறகு பார்த்தால், முறைப்பாடு சொன்னவரின் பெயரிலேயே பைலைச் சேமித்து வைத்திருந்தேன். பெயரை மாற்றித்தான் அனுப்பினேன்.