நாகலூர் வீட்டில் ஓ.டி.பி. வராது: குறுஞ்செய்தியா, செயலியா, காகிதமா?

ஏற்காட்டில் நாகலூர்ப் பக்கம் எங்கள் காப்பித் தோட்டத்துக்குள் இரண்டு அறைகளை விருந்தினருக்கு விடுகிறோம். அறை கேட்டு வரும் கடிதங்கள், முன்பணம் வந்த தகவல் எல்லாம் ஒரே ஜிமெயில் கணக்கில். மேலே அப்பா திறப்பார், கீழே சேலம் அஸ்தம்பட்டியில் இருந்து நான் திறப்பேன். போன கார்த்திகையில் அந்தக் கணக்குக்குள் நுழையும் முறையையே மாற்ற வேண்டியதாயிற்று.

கடவுச்சொல்லைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. நீளமாக இருக்க வேண்டும், வேறு எந்தத் தளத்திலும் அதையே போடக் கூடாது. ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாத நான்கு சொற்களைக் கோத்து வைத்திருக்கிறோம், அப்பாவுக்கே மனப்பாடம். மூன்று மாதத்துக்கு ஒரு முறை மாற்றும் வழக்கத்தையும் விட்டுவிட்டோம். அமெரிக்கத் தர நிர்ணய அமைப்பான நிஸ்ட் வெளியிட்ட 2017 வழிகாட்டுதலே, திருட்டுப் போனதற்கான அறிகுறி இல்லாமல் கால அளவு வைத்து மாற்றச் சொல்ல வேண்டாம் என்கிறது. எங்கள் தலைவலி இரண்டாவது பூட்டில்தான், அதாவது கடவுச்சொல்லுக்குப் பிறகு கேட்கிற ஒரு முறை எண்ணில்.

முதலில் இருந்தது குறுஞ்செய்தி. அமைப்பது எளிது: எண்ணைக் கொடுத்தால் முடிந்தது. சேலத்தில் குறையே இல்லை. ஆனால் எங்கள் வீடு பள்ளத்தில் இருக்கிறது. கேபிள் வழியாக இணையம் வந்துவிட்டது, கைப்பேசி சிக்னல் வரவில்லை. மிளகுக் கொடி ஏறிய சில்வர் ஓக் மரங்களைத் தாண்டி ஒரு பாறை உண்டு; அங்கே நின்றால் ஒரு கோடு காட்டும். புது மடிக்கணினியில் கணக்கைத் திறக்க வேண்டிய அன்று அப்பா வீட்டுக்கும் பாறைக்குமாக மூன்று முறை நடந்தார். கேட்ட மூன்று ஓ.டி.பி.யும் ஒன்றாக வந்து விழுந்தன. எது கடைசியாக வந்தது என்று தெரியாமல் மூன்றையும் உள்ளங்கையில் பேனாவால் எழுதிக்கொண்டு இறங்கினார். பனியில் மை கலைந்து 3 எது, 8 எது என்று புரியவில்லை. புரிந்த எண்ணும் அதற்குள் காலாவதி. வைஃபை வழி அழைப்பை இயக்கிப் பார்த்தோம். எங்கள் போனில் அழைப்புகள் வந்தன, குறுஞ்செய்தி நினைத்தால் வந்தது. வேறு நிறுவனத்து சிம்மில் எப்படியோ, நான் சோதிக்கவில்லை.

சிம் சார்ந்த இன்னொரு கவலையும் உண்டு. ப்ரீபெய்ட் எண் 90 நாள் பயன்படுத்தாமல் கிடந்தால் துண்டிக்கப்படலாம். பிறகு அது வேறொருவர் கைக்குப் போகலாம். பழைய எண்ணைக் கணக்கில் அப்படியே விட்டு வைத்திருப்பவர்கள் ஒரு முறை பார்த்துக்கொள்வது நல்லது.

இப்போது நாங்கள் வைத்திருப்பது அதென்டிகேட்டர் செயலி. நான் இதன் பக்கம்தான். அமைக்கும்போது திரையில் வரும் க்யூஆர் கட்டத்துக்குள் ஒரு ரகசிய எண் இருக்கிறது. அதையும் அந்த நேரத்தையும் வைத்துப் போனே 30 விநாடிக்கு ஒரு முறை ஆறு இலக்க எண்ணைக் கணக்கிடுகிறது. அதே கணக்கை மறுமுனையும் போட்டுப் பார்க்கிறது. நடுவில் கோபுரம் வேண்டாம், சிம் கூட வேண்டாம். எங்களுக்கு அந்த ஒன்றே போதும். கூடுதல் லாபம், ஒரே கட்டத்தை என் போனிலும் அப்பா போனிலும் அடுத்தடுத்து ஸ்கேன் செய்துகொண்டோம். இரண்டிலும் ஒரே எண் ஓடுகிறது. குறுஞ்செய்தி ஒரு போனுக்குத்தான் போகும்.

இதிலும் ஒரு நாள் மாட்டினோம். என் எண் ஏற்கப்படுகிறது, அப்பாவுடையது தவறு என்று வருகிறது. ஒரு மணி நேரம் மண்டையை உடைத்த பிறகு அவர் போனைப் பார்த்தால் கடிகாரம் ஐந்து நிமிடம் முந்தி ஓடுகிறது. சேலம் பஸ்ஸைப் பிடிப்பதற்காக அவரே கையால் திருப்பி வைத்தது! நேரத்தை வைத்துப் போடும் கணக்கில் அரை நிமிடம் முன்பின்னானால் பெரும்பாலும் பொறுத்துக்கொள்வார்கள், ஐந்து நிமிடத்தை அல்ல. தானியங்கி நேரத்துக்கு மாற்றினேன். “அப்போ பஸ்ஸுக்கு என்ன வழி கண்ணு?” என்றார். இப்போது கூடத்துச் சுவர்க் கடிகாரம் ஐந்து நிமிடம் முந்தி ஓடுகிறது.

போன் தொலைந்தால் என்ன என்பீர்கள். 2023 முதல் கூகுளின் செயலி இந்தக் குறியீடுகளைக் கூகுள் கணக்கிலேயே சேமித்து வைக்க வழி தருகிறது. ஆனால் திறக்க வேண்டியதே அந்தக் கணக்கு என்றால், பெட்டிக்குள் சாவியை வைத்துப் பூட்டிய கதைதான். அதனால் காகிதம். போன் கையில் இல்லாதபோது செயலி எண்ணுக்குப் பதிலாகத் தட்ட, ஜிமெயில் ஒரு தடவைக்குப் பத்துக் காப்பு எண்கள் தரும், ஒவ்வொன்றும் எட்டு இலக்கம், ஒரு முறைதான் செல்லும். புதுப் பட்டியல் எடுத்தால் பழையது செத்துவிடும். அதைக் கிழித்துப் போட வேண்டும், இல்லையென்றால் அவசரத்தில் அதுதான் கையில் சிக்கும். தினசரி உபயோகத்துக்குக் காகிதம் ஆகாது, செயலிக்குத் துணையாக மட்டும். எங்களுடையது பட்டா நகலோடு பிளாஸ்டிக் உறையில், இரும்பு அலமாரியில். மலை ஈரத்துக்கு உறை கட்டாயம்.

பாஸ்கீ என்கிற புது முறையை, அதாவது கடவுச்சொல் தட்டாமல் போனின் கைரேகையோ திரைப் பூட்டோ கொண்டு நுழைவதை, என் போனில் மட்டும் இரண்டு மாதமாக வைத்திருக்கிறேன். போலிப் பக்கத்தில் ஓ.டி.பி.யையும் செயலி எண்ணையும் ஏமாந்து தட்டிவிடலாம். பாஸ்கீ போலி முகவரியில் இயங்காது. அந்த வகையில் இது மூன்றையும்விட உசத்தி. ஆனால் அப்பா போன் மிகப் பழையது, இன்னும் அதில் முயன்று பார்க்கவில்லை. மே மாதக் கூட்டம் கலையட்டும், பிறகு அவருக்குப் புதுப் போன் வாங்கும்போது பார்க்கலாம் என்று விட்டிருக்கிறேன். காகிதத்தில் இதுவரை இரண்டு எண்களை அடித்திருக்கிறோம், எட்டு பாக்கி.