கறுப்பு நாய் வெள்ளையாகும் படம்

‘தி மெர்ரி விடோ’வைப் பலர் படமாக்கியிருக்கிறார்கள். எனக்குப் பிடித்தது 1934இல் எர்ன்ஸ்ட் லூபிட்ச் எடுத்தது. இசையமைப்பாளர் லெஹாரின் 1905ஆம் ஆண்டு ஆப்பரெட்டாவிலிருந்து (பாட்டும் வசனமும் கலந்த இலகுவான மேடை நாடகம்) மெட்டுகளை எடுத்துக்கொண்டு, கதையைத் தன் இஷ்டத்துக்கு வளைத்துவிட்டார். மார்ஷோவியா, பூதக்கண்ணாடி வைத்தால்தான் வரைபடத்தில் தெரியும் நாடு. அதன் சொத்தில் பாதிக்கு மேல் சோனியா என்ற இளம் விதவையிடம். அவள் பாரிசுக்குக் கிளம்பியதும் மன்னருக்கு வயிற்றைக் கலக்குகிறது. அவளை மயக்கிக் கூட்டிவர கேப்டன் டனிலோவை அனுப்புகிறார்.

சோனியாவின் துக்கம் முடிவதை லூபிட்ச் வசனமே இல்லாமல் சொல்வார் பாருங்கள்! வரிசையாகக் கறுப்பு உடை, கறுப்புச் செருப்பு, கறுப்பு நாய். அப்புறம் எல்லாமே வெள்ளை, நாய் உட்பட. வால்ட்ஸ் நடன ஜோடிகள் கண்ணாடிக் கூடத்தில் சுழன்று வரும் காட்சிக்குப் பெரிய திரைதான் சரி. கலை இயக்கத்துக்கு ஆஸ்கர் சும்மா கிடைக்கவில்லை. டனிலோவாக நடிக்கும் ஷெவாலியேயின் ஓயாத இளிப்புதான் பாதியிலேயே சலித்துவிட்டது. சோனியாவாக வரும் ஜெனெட் மெக்டொனால்ட் பாடும்போது மட்டும் அது உறுத்தவில்லை.