டேக் டீம் பொம்மை வாங்குகிறவர்களுக்கு: தோளில் ஆள் நிற்குமா என்று பாருங்கள்

நம்ம குமரி மாவட்டத்தில் கோட்டார் சவேரியார் திருவிழாக் கடைகளிலும் சுசீந்திரம் மார்கழித் தேர்க் கடைகளிலும் பிளாஸ்டிக் சாமான் வரிசையில் இரண்டு மல்யுத்த பொம்மைகள் ஒரே பாலித்தீன் பையில் தொங்கும். கடைக்காரர் "ஜோடி" என்பார். மல்யுத்தத்தில் இரண்டு பேர் ஒரே அணியாக, வெளியே நிற்பவர் கையைத் தொட்டு மாறி மாறி ரிங்கில் இறங்கினால் அதுதான் டேக் டீம். பையைக் கையில் வாங்கித் திருப்பிப் பாருங்கள். முகமூடி போட்ட ஒருத்தர், பக்கத்தில் தாடிக்காரர் ஒருத்தர். கழுத்துக்குக் கீழே இரண்டு பேருக்கும் ஒரே அச்சு. ஜட்டி கலர்தான் வேறு. இவர்கள் எந்த ஊர் ரிங்கிலும் ஜோடியாக இறங்கியவர்கள் இல்லை. ஆகக் குறைந்த விலையில் கிடைப்பது இது. இதற்கு மேலே மேட்டல் கம்பெனியின் பேசிக் இரட்டைப் பெட்டி, அதற்கும் மேலே எலைட், உச்சியில் அல்டிமேட் எடிஷன். டபிள்யூடபிள்யூஇ என்ற அமெரிக்க மல்யுத்தக் கம்பெனியின் பொம்மைகளை 2010 முதல் செய்து வருவது மேட்டல்தான். நான்கையும் ஒரே சோதனையில் வைத்துப் பார்ப்போம்: அந்த ஜோடி ரிங்கில் சேர்ந்து போட்ட அடியை இந்தப் பொம்மைகளால் போட முடிகிறதா?

தனி ஆள் பொம்மைக்கு முகம் ஒத்துப்போனால் பாதி வேலை முடிந்தது. டேக் டீம் பொம்மைக்கு அது போதாது. ஒருத்தர் எதிராளியைத் தூக்க, இன்னொருத்தர் பாய வேண்டும். தூக்குகிறவருடைய கணுக்கால் தளர்ந்திருந்தால் முகம் எவ்வளவு அழகாக இருந்தும் பயனில்லை, மூன்று பேரும் சேர்ந்து சாய்வார்கள்.

கடினமானதில் இருந்தே தொடங்கலாம். ஹாக், அனிமல் என்ற ஜோடி சேர்ந்து போடும் டூம்ஸ்டே டிவைஸ் என்ற அடி. அனிமல் எதிராளியைத் தோளில் உட்கார வைத்து நிமிர்ந்து நிற்பார். ஹாக் மேல் கயிற்றில் இருந்து பாய்ந்து அவருடைய கழுத்துக்குக் கையை வீசுவார். இதற்கு மூன்று பொம்மைகள் வேண்டும், எதிராளி பெட்டியில் வரமாட்டார் என்பதைக் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள். முதலில் அனிமலின் தோள் முள்கவசத்தைக் கழற்றுங்கள். நிஜத்திலும் மணி அடிக்கும் முன் கழற்றிவிடுவார்கள். கவசத்தோடு உட்கார வைத்தால் எதிராளியின் தொடை முள்ளில் ஏறி நிற்கும், எடை பின்பக்கம் போகும். இடுப்பில் இருந்து கால்களைத் தோள் அகலத்துக்கும் கொஞ்சம் கூடுதலாக விரித்து, முட்டியை ஒரு நூல் அளவு மடக்கி, கணுக்காலை உள்பக்கம் சாய்த்துப் பாதம் முழுதும் தரையில் படும்படி வையுங்கள். பக்கவாட்டில் சாயும் கணுக்கால் எலைட்டில் உண்டு, அதனால் நிற்கிறது. பேசிக்கில் காலை விரித்தால் பாதத்தின் வெளி விளிம்பு மட்டும்தான் தரையைத் தொடும், தோளில் ஆளை வைத்ததும் சறுக்கும். திருவிழாப் பொம்மைக்கு இடுப்பு முன்பின் மட்டும்தான் ஆடும். உள்ளே பொள்ளல், மேலே எடை ஏறினால் தொடை உள்வாங்கும்.

இந்த ஜோடியை எந்த வருடத்துக்கு வாங்குகிறோம் என்பதும் பெரிய விஷயம். 1983-ல் ஜார்ஜியாவில் பால் எல்லரிங் என்ற மேனேஜரோடு ரோட் வாரியர்ஸ் என்று கிளம்பினார்கள். 1984-ல் ஏடபிள்யூஏ, 1988-ல் என்டபிள்யூஏ என்று இரண்டு மல்யுத்த அமைப்புகளின் சாம்பியன் பெல்ட்டையும் வாங்கினார்கள். 1990-ல் டபிள்யூடபிள்யூஎஃப் (இன்றைய டபிள்யூடபிள்யூஇ) வந்து லீஜன் ஆஃப் டூம் என்று பெயர் மாறி, 1991 சம்மர்ஸ்லாம் நிகழ்ச்சியில் நியூயார்க் மேடிசன் ஸ்குயர் கார்டனில் நாஸ்டி பாய்ஸ் ஜோடியைத் தோற்கடித்து அந்தக் கம்பெனி பெல்ட்டையும் வாங்கினார்கள். பெட்டியில் என்ன பெயர் போட்டிருக்கிறது என்று பார்த்தால் எந்தக் காலத்து ஜோடி என்று தெரியும். தலையைப் பார்ப்பது இன்னொரு வழி. அனிமலுக்கு நடுவில் மட்டும் முடி. ஹாக்குக்கு அதற்கு நேர்மாறாக நடுவில் மழித்து இரு பக்கமும் முடி. இரண்டு பேருக்கும் ஒரே தலைமுடி போட்டு வருவது போலிச் சரக்கு, சந்தேகமே வேண்டாம். ஹாக் 2003-லும் அனிமல் 2020-லும் இறந்துவிட்டார்கள்.

ஹார்டி சகோதரர்கள் ஜோடி தூக்கும் வேலைக்கு வராது. பாய்கிற வேலைக்கு வரும். மேட் ஹார்டி கையும் முட்டியும் ஊன்றிக் குனிய, ஜெஃப் அவருடைய முதுகில் கால் வைத்து எம்பி மூலையில் நிற்பவர் மேல் விழுவார். பொம்மையில் மேட்டைக் குனிய வைப்பதுதான் சோதனை. முட்டி 90 பாகை மடங்கினால் போதும், அது பேசிக்கிலும் ஆகிறது. இடறுவது மணிக்கட்டில். பேசிக்கின் மணிக்கட்டு சுழலும், மடங்காது; அதனால் உள்ளங்கை தரையில் பதியாமல் விரல் நுனியில் நிற்கிறார். ஜெஃப்பை மேலே ஏற்றியதும் குப்புற. எலைட்டில் மணிக்கட்டு மடங்கும், வயிற்றிலும் மடிப்பு உண்டு, முதுகு மேசை மாதிரி நிற்கும். ஜெஃப்பின் கைவிரலையும் பாருங்கள். பிடிக்கிற மாதிரி வளைந்த கை இல்லை என்றால், மேலே தொங்கும் பெல்ட்டை ஏணி ஏறி எடுக்கிற ஏணிப் போட்டிக்கு உதவாது. 2001 ஏப்ரல் 1 ஹூஸ்டன் ரெஸில்மேனியா நிகழ்ச்சியில் மேலே தொங்கிய பெல்ட்டைப் பிடித்துக்கொண்டு ஜெஃப் அந்தரத்தில் ஆட, எதிர் ஜோடியில் ஒருத்தரான எஜ் ஏணியில் இருந்து பாய்ந்து அவரை வாரிக்கொண்டு கீழே விழுந்த காட்சியை வைக்காமல் இந்த ஜோடியை வாங்கி என்ன செய்ய? அந்தப் போட்டியிலும் அதற்கு முந்தைய 2000 சம்மர்ஸ்லாம் போட்டியிலும் ஜெயித்தது எஜ், கிறிஸ்டியன் ஜோடி. ஹார்டிக்கள் இரண்டிலும் தோற்றார்கள். அலமாரியில் ஹார்டிக்கள் கையில் பெல்ட்டைக் கொடுத்து ஏணிக்குப் பக்கத்தில் நிறுத்தியிருக்கும் படங்கள் நிறையச் சுற்றுகின்றன, கண்ணை உறுத்துகிறது.

அதே போட்டிகளில் மூன்றாவது ஜோடி டட்லிக்கள். எதிராளியை மேசை மேல் போட்டு உடைக்கிறவர்கள், அதனால் மேசை இல்லாமல் பெட்டி வாங்காதீர்கள். நடுவில் பிரிந்து திரும்பப் பொருத்துகிற மேசை ஒன்று இருந்தால் போதும். அந்தக் கொக்கி நாலைந்து மாதத்தில் தேய்ந்து, கை பட்டாலே மேசை பிரியும். பொருத்துகிற இடத்தில் செலோடேப்பை ஒரே ஒரு சுற்று, ஒட்டியும் ஒட்டாமலும், வைத்தால் சரியாகும்.

ஊசோக்கள் விஷயத்தில்தான் வாங்குகிறவர்கள் அதிகம் ஏமாறுகிறார்கள். ஜிம்மி, ஜெய் இரட்டையர்கள், ரிக்கிஷியின் மகன்கள். 2010-ல் வந்தார்கள், 2016 வரைக்கும் முகத்தில் பெயிண்ட், நுழையும்போது சமோவா ஆட்டம். பிறகு பெயிண்ட்டை விட்டார்கள், ஆள் மாறினார்கள். விலை குறைத்து வருகிற பெட்டிகளில் ஒருத்தர் பெயிண்ட்டோடும் இன்னொருத்தர் பெயிண்ட் இல்லாமலும் இருந்தால் அது இரண்டு தனிப் பெட்டிகளில் மிஞ்சியதைச் சேர்த்துக் கட்டியது. 2021 ஜூலை 18 முதல் 2023 ஏப்ரல் 1 வரை 622 நாள், டபிள்யூடபிள்யூஇ-யின் ஸ்மாக்டவுன் நிகழ்ச்சிக்கான பெல்ட் இவர்கள் கையில் இருந்தது. நியூ டே என்ற அணியின் 483 நாள் கணக்கைத் தாண்டியது அப்போதுதான். 2022 மே மாதம் ரா என்ற இன்னொரு நிகழ்ச்சியின் பெல்ட்டையும் சேர்த்துக்கொண்டார்கள். ஆக, அந்தக் காலத்து ஜோடியைச் சரியாக நிறுத்த ஆளுக்கு இரண்டாக 4 பெல்ட் வேண்டும்: சிவப்பு வார் இரண்டு, நீல வார் இரண்டு. பெட்டியில் எத்தனை பெல்ட் இருக்கிறது என்று பணம் கொடுக்கும் முன் எண்ணுங்கள். 2024 ஏப்ரல் ரெஸில்மேனியாவில் அண்ணன் தம்பி இருவரும் எதிரெதிராக மோதினார்கள். 2025 ஏப்ரலில் ஜெய் தனியாகவே உலக சாம்பியன் ஆனார். அதனால் கடையில் தனி ஜெய் பொம்மையும் கண்ணில் படும். அந்த ஜெய்யைப் பழைய ஜிம்மியோடு சேர்த்து நிறுத்தினால் ஜோடி ஆகாது, உடுப்பே காட்டிக்கொடுக்கும்.

நியூ டேயை இரட்டைப் பெட்டியில் வாங்குவது அரைக் கிணறு. கோஃபி, பிக் ஈ, சேவியர் உட்ஸ் மூன்று பேரில் எந்த இருவர் வேண்டுமானாலும் பெல்ட்டைக் காக்கலாம் என்பதே அவர்கள் கணக்காக இருந்தது. மூன்றாவது ஆள் கிடைக்கும் வரை விட்டுவிடுங்கள்.

ரிங் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் டேக் டீம் ஆட்டத்தின் உயிரே மூலைக்கும் நடுவுக்கும் உள்ள தூரத்தில் இருக்கிறது. ரிக்கி மார்ட்டன் அடி வாங்கிக்கொண்டே தவழ்ந்து, பார்ட்னர் ராபர்ட் கிப்சனின் கையைத் தொடுகிற அந்த இரண்டு நிமிடத்துக்காகத்தான் 1980-களில் கூட்டம் கூடியது. நிஜ ரிங் 20 அடி. சுமார் 6 இஞ்ச் பொம்மைக்கு, அடிக்கு ஒரு இஞ்ச் என்று வைத்தால், 20 இஞ்ச் ரிங் வேண்டும். கடையில் பெட்டி போட்டு வருவது 14 இஞ்ச். அதில் நான்கு பேரை இறக்கினால் மினிபஸ் நெரிசல். தவழத் தூரமே இல்லை, படுத்த நிலையிலேயே கை பார்ட்னரைத் தொட்டுவிடும்.

நீங்களே செய்துகொள்வது நல்லது. 12 எம்எம் பிளைவுட்டில் 20 இஞ்ச் சதுரம் ஒன்று தச்சரிடம் அறுத்து வாங்குங்கள். நாலு மூலைக்கும் அரை இஞ்ச் பிவிசி பைப், பலகைக்கு மேலே 5 இஞ்ச் உயரம். கயிற்றுக்குத் தையல் கடைகளில் கிடைக்கும் உருட்டு எலாஸ்டிக், 3 எம்எம் தடிமன். மேல் கயிறு தளத்தில் இருந்து 4 இஞ்சுக்குக் கொஞ்சம் மேலே, மற்ற இரண்டும் சம இடைவெளியில். மூன்று வரிசை, நாலு பக்கம், முடிச்சோடு சேர்த்து ஏழு மீட்டர் வாங்கினால் மிச்சம் இருக்கும். எலாஸ்டிக்கை முழு இழுவையில் கட்டாதீர்கள். பைப் உள்பக்கம் சாயும். தளத்துக்கு 6 எம்எம் ஃபோம் ஷீட், மேலே காடாத் துணி. நம்ம மாவட்டத்தில் ரப்பர் ஷீட்டுக்குப் பஞ்சமில்லை, சும்மாவே கிடைக்கும் என்று அதை விரிப்பவர்கள் உண்டு. வேண்டாம். பச்சை ரப்பர் வெயிலில் ஒட்டும், பொம்மையின் மெதுவான பிளாஸ்டிக்கில் கறை ஏற்றும். இதே காரணத்துக்காகப் பொம்மைகளை ரப்பர் பேண்ட் போட்டுக் கட்டியும் வைக்கக் கூடாது.

பெட்டியைப் பிரித்த அன்றே மூட்டுகளைச் சோதியுங்கள். பெயிண்ட் இறங்கி இறுகிய மூட்டை முறுக்கினால் உள்ளே இருக்கும் முளை முறுகி அறுந்துவிடும், அதற்கு அப்புறம் ஒட்டவே ஒட்டாது. அடுப்பில் இருந்து இறக்கி ஐந்தாறு நிமிடம் ஆறிய வெந்நீரில் அந்தக் கையையோ காலையோ ஒன்றரை நிமிடம் முக்கி, மெல்ல முன்னும் பின்னும் ஆட்டினால் விடும். வளைந்து வந்த காலையும் இப்படியே இளக்கி, நேராக்கி, உடனே குளிர்ந்த தண்ணீரில் முக்கினால் நிற்கும். இங்கே எல்லாவற்றுக்கும் தேங்காய் எண்ணெய்தான் மருந்து, மூட்டிலும் விடுவார்கள். அன்றைக்கு இளகும், ஒரு வாரத்தில் தூசி ஏறிப் பிசுக்காகும், பிறகு அனிமல் யாரையும் தூக்கமாட்டார். தளர்ந்த மூட்டுக்கு நிறமில்லாத நெயில் பாலிஷ் ஒரு சொட்டு, காயும் வரை ஆட்டிக்கொண்டே இருக்க வேண்டும். ஆட்டாமல் விட்டால் ஒட்டிக்கொள்ளும்.

குளச்சல், முட்டம் பக்கம் கடற்கரையில் வீடு என்றால் முதுகில் சின்னத் திருகாணி வைத்த போலிப் பொம்மைகள் ஒரு வருடம் தாங்காது, துரு வடிந்து முதுகில் கோடு போடும். நமக்கு ஆனி ஆடியிலும் மழை, ஐப்பசி கார்த்திகையிலும் மழை. துணிச் சட்டை போட்ட எலைட் பொம்மைகளுக்குப் பூஞ்சை பிடிக்கும். சட்டையைக் கழற்றித் தனியே வைத்து, டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலம் இரண்டு போட்டால் போதும்.

விலை விஷயம். வெளிநாட்டுப் பொம்மைகளுக்குச் சுங்க வரி 2020-ல் 60 சதவீதம் ஆனது, 2023-ல் 70 ஆனது. எலைட் விலை ஏன் இப்படி நிற்கிறது என்பதற்குப் பாதிப் பதில் இதில் இருக்கிறது. 2021 ஜனவரி முதல் இங்கே விற்கிற பொம்மைகளுக்கு ஐஎஸ்ஐ முத்திரை கட்டாயம். திருவிழாப் பையில் அதைத் தேடிப் பாருங்கள், பெரும்பாலும் இருக்காது. வாயில் வைக்கும் வயதுக் குழந்தை வீட்டில் இருந்தால் அந்தப் பையைத் தொடவே வேண்டாம், பெயிண்ட் நகத்தால் சுரண்டினாலே வரும். பத்து வயதுப் பையன் தரையில் அடித்து விளையாட பேசிக் இரட்டைப் பெட்டி தாராளம். அவனுக்குத் தோளில் நிற்பதை விட விழுவதுதான் வேண்டும். அலமாரிக்கு என்றால் எலைட். அல்டிமேட்டில் மாற்றிப் பொருத்தத் தலையும் கைகளும் வருகின்றன. ஜோடியாக இரண்டு வாங்குகிற பணத்தில் எலைட் ஜோடி, எதிராளி, பிளைவுட் ரிங் எல்லாம் முடித்துவிடலாம். ஜெஃப்புக்கு மட்டும் அல்டிமேட் கிடைத்தால் வாங்கலாம், அந்தப் பிடிக்கிற கைக்காக.

ரிங் செய்தவர்கள் முக்கால்வாசிப் பேர் மறப்பது டேக் கயிறு. எதிரெதிர் மூலை இரண்டில், மேல் கயிற்றுக்குக் கீழே பைப்பில் ஒன்றரை இஞ்ச் வெள்ளை நூல் கட்டி, நுனியில் முடிச்சுப் போட்டு விடுங்கள். வெளியே நிற்கும் பார்ட்னர் அதைப் பிடித்தபடி கையை நீட்ட வேண்டும். முடிச்சு இல்லாவிட்டால் பொம்மையின் விரலிடுக்கில் நூல் நிற்காது.