பாலாஜி பஞ்சரத்னமாலா: குரலுக்குப் பின்னால் ஒரு திட்டம்

திருமலை திருப்பதி தேவஸ்தானத்திற்காக எம்.எஸ். சுப்புலட்சுமி பாடி, ஐந்து இசைத்தட்டுகளாக வெளிவந்த பாலாஜி பஞ்சரத்னமாலாவை இன்று நம்மில் பலர் செயலி வழியாகவே கேட்கிறோம். அந்தக் குரலைப் பற்றிச் சொல்ல வேண்டியதையெல்லாம் சொல்லியாகிவிட்டது. ஆகவே இம்முறை இத்தொகுப்பை அவருடைய கணவர் தி. சதாசிவத்தின் வேலையாகவும் கேட்டுப் பார்க்கலாம் என்று தோன்றுகிறது.

சதாசிவம் மேடைப் பாடகர் அல்லர். ஆனந்த விகடனில் விளம்பரப் பொறுப்பில் இருந்தவர், 1940இல் எம்.எஸ்ஸை மணந்து, மறு ஆண்டு எழுத்தாளர் கல்கி கிருஷ்ணமூர்த்தியுடன் சேர்ந்து கல்கி இதழைத் தொடங்கியவர். அந்த இதழுக்குப் பணம் திரட்டவே எம்.எஸ். ‘சாவித்திரி’ படத்தில் நாரதர் வேடம் ஏற்றார். கச்சேரியில் எதை எந்த வரிசையில் பாடுவது, எதை எப்போது முடிப்பது என்று தீர்மானித்துவிட்டு, முன்வரிசையில் அமர்ந்து அவையின் முகத்தைப் படித்துக்கொண்டிருந்தவர் சதாசிவமே. இந்தப் பிடி எம்.எஸ்ஸின் மனோதர்மத்தை, அதாவது மேடையிலேயே கற்பனையாக விரித்துப் பாடும் திறனை, குறுக்கிவிட்டது என்று வருந்திய ரசிகர்கள் உண்டு. அவர்கள் சொல்வதில் நியாயம் இல்லாமலும் இல்லை. ஆனால் பஞ்சரத்னமாலாவுக்கு அதே கட்டுப்பாடு நன்மையே செய்திருக்கிறது.

வாரி வழங்கியே பழகிவிட்ட அத்தம்பதியினர் பொருள் நெருக்கடியில் இருந்த காலத்தில் வந்த பணி இது. அறுபதைக் கடந்த வயதில், தாய்மொழியல்லாத தெலுங்கில், திருப்பதிப் பெருமாளைப் பாடிய பழங்காலக் கவிஞர் அன்னமாச்சாரியாரின் கீர்த்தனைகளைப் புதிதாகப் பாடம் செய்து ஒலிப்பதிவுக் கூடத்தில் பாடுவது எளிய காரியமன்று. ஆயினும் அவசரத்தில் முடித்துக்கொடுத்த வேலை என்ற சாயல் எங்குமே தென்படவில்லை.

பௌளி ராகத்தில் அமைந்த ‘ஸ்ரீமந்நாராயண’ கீர்த்தனையை எடுத்துக்கொள்வோம். ‘கமல’ என்ற சொல் அடுக்கடுக்காக வந்து விழும் சரணத்தில் ஓர் எழுத்துகூட மற்றொன்றின் மேல் ஏறுவதில்லை. தெலுங்கு அறியாதவரும் கேட்டபடியே எழுதிக்கொள்ளலாம். நெடுநூரி கிருஷ்ணமூர்த்தி ரேவதி ராகத்தில் மெட்டமைத்த ‘நானாடி பதுகு’ இதற்கு நேர்மாறான மனநிலை. இளமைக்கால இசைத்தட்டுகளின் மேல்ஸ்தாயி மின்னலை எதிர்பார்த்து வருபவருக்கு இங்கே சற்று ஏமாற்றமாக இருக்கலாம். வயதேறிய குரலின் கனம்தான் வாழ்வின் நிலையாமையைச் சொல்லும் அப்பாடலுக்குப் பொருந்துகிறது என்பேன். உடன் பாடும் மகள் ராதா விஸ்வநாதனின் குரல் எங்கே சேர்கிறது, எங்கே விலகுகிறது என்பதை மட்டும் தனியாகக் கவனித்து ஒருமுறை கேளுங்கள். அவ்வளவு ஒட்டிப் பாடுவதற்குப் பின்னால் எத்தனை ஆண்டுச் சாதகம் இருந்திருக்கும் என்பது விளங்கும். (ராதாவுக்கு உரிய பெயர் நம் ரசிக உலகில் இன்னும் கிடைக்கவில்லை என்பது என் நெடுநாள் ஆதங்கம்.)

விரிவான ஆலாபனையும் (சொற்களின்றி ராகத்தை விரித்துப் பாடுவது) நிரவலும் (ஒரே வரியைப் பலவிதமாக விரித்துப் பாடுவது) வேண்டுவோர் கச்சேரிப் பதிவுகளைத் தேடிப் போவதே நல்லது. இத்தொகுப்பின் நோக்கம் வேறு: வீட்டில் அமர்ந்து கேட்பவர் கூடவே பாட முடிய வேண்டும். அந்த நோக்கத்தை முதலிலேயே வகுத்துக்கொண்டு, அதைவிட்டு இம்மியும் விலகாமல் ஐந்து தட்டுகளையும் நிறைத்திருப்பதில்தான் சதாசிவம் போன்ற ஒருவர் பக்கத்தில் இருந்ததன் பலன் தெரிகிறது. பாடகர் பாடலை மட்டும் நினைத்தால் போதும் என்ற நிலையை அவர் ஏற்படுத்திக் கொடுத்தார். 1997இல் அவர் மறைந்தபின் எம்.எஸ். மேடையேறிப் பாடவில்லை.

குறை சொல்ல வேண்டியது நான் பயன்படுத்தும் செயலியைத்தான். பாடல்களைத் தட்டின் வரிசைப்படி அடுக்காமல் கலைத்துப் போட்டிருக்கிறார்கள். ஸ்லோகம் முடிந்து கீர்த்தனை தொடங்கும் இடத்தில் விளம்பரம் குறுக்கிடுகிறது. ராகத்தின் பெயரும் இல்லை, மெட்டமைத்தவர் பெயரும் இல்லை. பழைய தட்டுகளோ குறுந்தகடுகளோ நல்ல நிலையில் கிடைத்தால் சற்றுக் கூடுதல் விலை கொடுத்தாவது வாங்கிவிடுங்கள். செயலிதான் கதி என்றால், தட்டின் உறையைப் பார்த்துப் பாடல் வரிசையை நீங்களே அமைத்துக்கொண்டு கேளுங்கள்.