கமேலியாவா, காட்டுப் பூவரசா?

ஊட்டி, கோத்தகிரிப் பக்கம் வீட்டு முன்னால் எதை வைப்பது என்று குழம்புகிறவர்களுக்கு: கமேலியா, காட்டுப் பூவரசு (ரோடோடென்ட்ரான்; ஊர்ப்பக்கம் இருக்கும் பூவரச மரம் அல்ல) இரண்டும் பூச்செடிகள், இரண்டுமே மெதுவாகத்தான் வளரும். அவசரக்காரர்கள் ஜெரேனியம் வைத்துக்கொள்ளலாம்.

மண்: இரண்டுக்கும் அமில மண், தேங்காத தண்ணீர். கமேலியா தேயிலைக்கு உறவுச் செடி. தேயிலை வரும் மண்ணில் அதுவும் வரும். சுண்ணாம்பு மட்டும் வேண்டாம்.

அளவு: கமேலியாவைப் பூத்து முடிந்ததும் கவாத்து செய்து ஆளுயரத்தில் நிறுத்தலாம், தொட்டியிலும் வளர்க்கலாம். காட்டுப் பூவரசு போகப்போக மரமாகிவிடும்.

உறைபனி: பூவரசு இந்த மலைக்கே உரியது, தாங்கும். கமேலியா செடி பிழைக்கும், மொட்டுதான் கருகும். காலை வெயில் நேராக அடிக்காத இடம் பாருங்கள்.

ஆடு, மாடு: காட்டுப் பூவரசு இலை அவற்றுக்கு விஷம்.

சின்ன முற்றத்துக்குக் கமேலியா. வெயில் படும் அகலமான சரிவு இருந்தால் என் ஓட்டு பூவரசுக்குத்தான். நாற்றை நர்சரியில் வாங்குங்கள், சோலைக்காட்டில் பிடுங்காதீர்கள்.