மினி ரைட் பீக் ஃப்ளோ மீட்டர்: போகிப் புகைக்கு ஒரு மாதம் முன்பே வாங்க வேண்டியது

போகியன்று விடியற்காலையில் சென்னையில் எரிக்கும் டயர், பிளாஸ்டிக் புகை மேலே போகாது. தரையோரக் காற்று குளிர்ந்தும் அதற்கு மேலுள்ள காற்று வெதுவெதுப்பாகவும் இருப்பதால், புகை தெருவிலேயே தங்கிவிடும். காற்றுத் தரக் குறியீட்டைப் போனில் பார்த்துவிடலாம். ஆனால் அது ஊருக்கான எண். ஆஸ்துமா உள்ளவரின் மூச்சுக்குழாய் எவ்வளவு சுருங்கியிருக்கிறது என்பதைச் சொல்ல, ஊதும் வேகத்தை அளக்கும் பீக் ஃப்ளோ மீட்டர் என்ற இந்தச் சின்ன பிளாஸ்டிக் குழாய் வேண்டும்.

பிரிட்டிஷ் ஆய்வாளர் மார்ட்டின் ரைட் 1959-இல் வெளியிட்ட பெரிய கருவியின் கையடக்க வடிவம் இது. பேட்டரி கிடையாது. ஊதும் காற்று உள்ளே இருக்கும் பிஸ்டனை ஸ்பிரிங்குக்கு எதிராகத் தள்ளும், பிஸ்டன் முள்ளை நகர்த்தும். முள் நிற்கும் இடம்தான் நிமிடத்துக்கு இத்தனை லிட்டர் என்ற அளவு. பெரியவர்களுக்கு 60 முதல் 800 வரை அளவுள்ளதை வாங்குங்கள். சிறுவர்களுக்கும் மூச்சு மிகக் குறைந்தவர்களுக்கும் சிறிய அளவுகோல் கொண்டது தனியாக உண்டு.

ஊதும் முறைதான் எல்லாமே. முள்ளைக் கீழே இறக்கிவிட்டு எழுந்து நில்லுங்கள். நெஞ்சு நிறைய மூச்சை இழுத்து, உதடுகளால் வாய்க்குழலை இறுகப் பற்றி, ஒரே மூச்சில் வேகமாக ஊதுங்கள். நீளமாக ஊத வேண்டியதில்லை, ஊதத் தொடங்கும் கணத்தின் வேகம்தான் கணக்கு. மூன்று முறை ஊதி, அதிகமான எண்ணை மட்டும் எழுதுங்கள். சராசரி போடக் கூடாது. முதல் இரண்டு பெரிய எண்களுக்கு இடையே 40-க்கு மேல் வித்தியாசம் இருந்தால் இன்னும் ஓரிரு முறை ஊதிப் பாருங்கள்.

விரல் முள்ளின் பாதையில் பட்டால் எண் குறையும். 'தூ' என்று துப்புவதுபோல் நாக்கைத் தட்டி ஊதினால் எண் பொய்யாக ஏறும். இந்த இரண்டாவதுதான் ஆபத்து, மூச்சு நன்றாக இருப்பதாக நம்ப வைத்துவிடும். பிள்ளைகள் ஊதும்போது கன்னத்தைக் கவனியுங்கள்.

வாங்கிய அன்றே இதனால் பயன் கிடையாது. உடம்பு நன்றாக இருக்கும் நாட்களில் இரண்டு, மூன்று வாரம், காலையும் இரவும் இன்ஹேலர் எடுப்பதற்கு முன் ஊதி, உங்களுடைய உச்ச அளவைக் கண்டுபிடிக்க வேண்டும். அதனால்தான் டிசம்பர் நடுவிலேயே வாங்கச் சொல்வது. உச்சம் 420 என்றால் அதன் 80 சதவீதம் 336. அதற்குக் கீழே வந்தால் மருத்துவர் எழுதிக் கொடுத்த திட்டப்படி மருந்தைக் கூட்ட வேண்டும். பாதியான 210-க்குக் கீழே போனால் மூச்சுத் திணறலை உடனே தணிக்கும் நிவாரண இன்ஹேலரை எடுத்துக்கொண்டு உடனே மருத்துவமனைக்குக் கிளம்புங்கள். எண் நன்றாக இருந்தும் பேச முடியாமல் மூச்சு வாங்கினால், எண்ணை நம்பாதீர்கள்.

புகையின் நுண்துகள் உள்ளே போனதும் மூச்சுக்குழாயின் உட்சுவர் வீங்கும், சளி கூடும், தசை இறுகும். இந்த விளைவு ஓரிரு நாள் தள்ளியும் வரும். போகியன்று எண் குறையவில்லை என்று பொங்கலன்று ஊதாமல் விடுவது பெரிய தவறு. கொசுவர்த்தி, சாம்பிராணி போட்ட இரவையும் குறிப்பில் எழுதுங்கள். காலை எண் பொதுவாகக் கொஞ்சம் குறைவாகவே இருக்கும், எனவே காலையைக் காலையோடு ஒப்பிடுங்கள்.

வாரம் ஒருமுறை வெதுவெதுப்பான சோப்புத் தண்ணீரில் அலசி, உதறி, முழுக்கக் காயவிடுங்கள். உள்ளே ஈரம் இருந்தால் முள் ஒட்டிக்கொள்ளும். ஸ்பிரிங் தளரும் பொருள் என்பதால் வருடக்கணக்கில் ஒன்றையே வைத்திருக்க வேண்டாம்.

குறை ஒன்று உண்டு. இது பெரிய மூச்சுக்குழாய்களைத்தான் அதிகம் காட்டும், நுனியில் உள்ள சிறு குழாய்களின் பாதிப்பு இதில் தெரியாமல் போகலாம். விறகடுப்புப் புகையில் பல வருடம் சமைத்த அம்மாவுக்கு மாடி ஏறினால் மூச்சு வாங்குகிறது என்றால், இதை வாங்கிக் கொடுத்துச் சமாதானம் ஆகிவிடாதீர்கள். அவருக்கு ஸ்பைரோமெட்ரி என்ற நுரையீரல் செயல்திறன் பரிசோதனை எடுக்க வேண்டும்.